தகரத்தில் அவரை பயிரிடுதல்

நம் சங்கங்களில் பயிர்த்தொழில் செய்யும் அங்கத்தினருக்குக் கொல்லையும் வரப்பும் உண்டு. நெசவாளர் அங்கத்தினருக்கோ பெரும்பாலும் தெருவை ஒட்டிய வீடும், அதில் பாதியிடத்தை அடைத்துக்கொண்ட தறியுமே உண்டு. கூலி கைக்கு வரும்வரை காய்கறியைக் கணக்கு வைத்து வாங்கும் வழக்கம் இவர்கள் வீடுகளில் முற்றிலும் மறைந்துவிடவில்லை. அக்கணக்கில் அவரைக்காய், கொத்தவரங்காய் என்று எழுதப்படும் வரிகளுள் சிலவற்றையேனும் அடித்துவிட இயலுமா என்பதே இப்பாடத்தின் பொருள்.

ஒரு தகரத்தில் ஒரு செடி வைத்தால் குழம்புக்குக் காய் கிடைத்துவிடும் என்று எவரும் எண்ண வேண்டா. நான்கைந்து பேருள்ள குடும்பத்தில் அவ்வப்போது ஒரு வேளைக் கறிக்காவது பறிக்க வேண்டுமானால் எட்டு, பத்துத் தகரங்கள் தேவைப்படும். அவற்றையும் ஒரே நாளில் விதையாமல், 15 நாள் இடைவெளியில் இரண்டு மூன்று தவணைகளாக விதைப்பது நன்று. இதற்கென விலை கொடுத்துத் தொட்டிகள் வாங்குவதை நான் ஆதரிக்க மாட்டேன். வாங்கிய தொட்டியின் விலையைக் காய் ஈடுசெய்யப் பல மாதங்கள் ஆகும். பழைய எண்ணெய்த் தகரம், விரிசல் கண்ட குடம், தடித்த சாக்கு ஆகியவையே போதும். ஆழம் ஓரடிக்குக் குறையலாகாது. அடியில் நான்கைந்து துளைகள் கட்டாயம் வேண்டும்.

இனி விதை. பந்தலில் ஏறும் நாட்டு அவரை, பகற்பொழுது குறுகும் காலத்தில்தான் பூக்கும் இயல்புடையது. ஆடியில் ஊன்றினால் கார்த்திகை, மார்கழியில் காய்க்கும். தையில் ஊன்றினாலோ கொடி வீடு முழுவதும் படருமேயன்றி நெடுநாள் பூவைக் காண முடியாது. தகரத்துக்கு ஏற்றது குத்துச்செடி அவரை. கோயமுத்தூர் வேளாண்மைப் பல்கலைக்கழகத்தின் கோ 14 போன்ற இரகங்கள் எப்பருவத்திலும் பூப்பவை. ஏறத்தாழ இரண்டு மாதத்தில் காய் பறிக்கலாம். மலைப் பிரதேசத்துப் பீன்ஸைச் சமவெளியில் முயல வேண்டா. வெப்பம் மிகுந்தால் அதன் பூக்கள் உதிர்ந்துவிடும். கோடைக்குக் கொத்தவரையும் தட்டைப்பயறுமே தக்கவை.

செம்மண், மணல், நன்கு மக்கிய எரு மூன்றையும் சம அளவில் கலந்து நிரப்புக. விதையை ஓரங்குல ஆழத்தில், தகரத்துக்கு இரண்டு மூன்றாக ஊன்றி, முளைத்தபின் வலுவான ஒன்றை விட்டு மற்றவற்றைக் கிள்ளிவிடுக. பிடுங்கினால் நிற்கும் செடியின் வேரும் அசையும். நாளொன்றுக்கு ஆறு மணி நேரமேனும் வெயில் படாத இடத்தில் அவரை காய்க்காது. சன்னலோரத்தில் வைத்த செடி வெளிச்சத்தைத் தேடி நீண்டு மெலியும். மாடியில் வைப்பவர், ஈர மண் நிறைந்த 20 லிட்டர் தகரம் ஒன்று 30 கிலோவுக்குமேல் கனக்கும் என்பதை நினைவிற்கொண்டு, சுவரை ஒட்டியே அடுக்குக. ஓட்டு வீட்டார் வாசலோடு நிறுத்திக்கொள்வதே உத்தமம்.

நெசவாளர் வீடுகளில் தனிக் கவனம் வேண்டுவது தண்ணீர் விஷயத்தில். சாயத் தொட்டி நீரை வீணாக்குவானேன் என்று செடிக்கு ஊற்றுவோரை ஆய்வுக்காகச் சென்ற சில ஊர்களில் கண்டிருக்கிறேன். இது பெருந்தவறு. சாயமேற்றும்போது சேர்க்கும் உப்பும், சோடாச் சாம்பலும், காஸ்டிக் சோடாவும் அந்நீரில் கரைந்திருக்கின்றன. வயலிலேயே கெடுதி செய்யும் அவை, தகரத்தின் சிறிதளவு மண்ணில் நாளுக்கு நாள் சேர்ந்துபோகும். இலையோரம் கருகுவது கண்ணுக்குத் தெரியும். காயின் வழியே நம் இலைக்கு வருவது தெரியாது. சாயப்பொடி, பூச்சிமருந்து இருந்த தகரங்களும் எத்தனை முறை கழுவினாலும் ஆகா. பாவுக்குப் போட்டு மீந்த கஞ்சியையும் ஊற்றலாகாது. அதில் பூசணம் பிடியாதிருக்கத் துத்தம் கலப்பதுண்டு. கலவாத கஞ்சியும் புளித்து எறும்பை அழைக்கும். எறும்பு இருக்குமிடத்தில் அசுவினி பெருகும். அரிசி களைந்த நீரை மட்டும் தாராளமாக ஊற்றலாம்.

அசுவினி தென்பட்டால் முதலில் விரலால் வழித்துவிடுக. மிகுந்தால், 50 கிராம் வேப்பங்கொட்டைப் பருப்பை இடித்து, ஒரு லிட்டர் நீரில் இரவு முழுவதும் ஊறவைத்து வடிகட்டி, சிறிது சோப்பு நீர் கலந்து மாலையில் தெளிக்கலாம்.

அவரை தனக்கு வேண்டிய தழைச்சத்தின் பெரும்பகுதியை வேர்முடிச்சுகளில் வாழும் ரைசோபியம் நுண்ணுயிரின் உதவியால் காற்றிலிருந்தே பெறுகிறது. யூரியா இட்டால் இலை தழைக்கும், பூ குறையும். ஆயினும் தகரத்துப் புதுமண்ணில் அந்நுண்ணுயிர் இல்லாதிருக்கலாம். வேளாண்மை விரிவாக்க மையத்தில் 200 கிராம் பொட்டலமாகக் கிடைக்கும் ரைசோபியத்தை ஆறிய கஞ்சியில் குழைத்து விதைமேல் பூசி, நிழலில் உலர்த்தி ஊன்ற வேண்டும். ஒரு பொட்டலம் ஒரு வீட்டுக்கு மிக அதிகம்; ஒரு தெருவுக்கே போதும். அதுவும் வேண்டாமெனில், தட்டைப்பயறோ நிலக்கடலையோ விளைந்த வயலின் மண் தகரத்துக்கு ஒரு கைப்பிடி போதுமானது. அவரைக்கும் அவற்றுக்கும் உதவும் நுண்ணுயிர் ஒரே கூட்டத்தைச் சேர்ந்தது. பயிர்த்தொழில் அங்கத்தினர் ஒருவர் மாதாந்திரக் கூட்டத்துக்கு வரும்போது ஒரு கூடை மண் கொண்டுவந்தால் பத்துத் தறிக்காரர் வீடுகளுக்கு ஆகும். இதற்குத் தீர்மானமும் வேண்டா, கணக்கும் வேண்டா.

காய்களை முற்றவிடாமல் பறிக்கப் பறிக்கப் பூ தொடரும். விதைக்கென ஒரு செடியை மட்டும் பறியாமல் விட்டுவைக்கலாம். முற்றிய அவரைக் கொட்டையைச் சமைப்பதானால் ஊறவைத்து, நன்கு வேகவைத்து, அந்நீரை வடித்துவிட வேண்டும். பச்சையாகத் தின்னத் தகாத பொருள் அதில் உண்டு.

காய்ப்பு ஓய்ந்த செடியை வேரோடு பிடுங்கலாகாது. ஒரு செடியை மட்டும் சோதனைக்காகப் பிடுங்கி, வேர்முடிச்சை நகத்தால் பிளந்து பாருங்கள். உட்புறம் இளஞ்சிவப்பாக இருந்தால் நுண்ணுயிர் வேலை செய்திருக்கிறது. மற்றவற்றை மண்மட்டத்தில் அறுத்துவிட்டு, வேரை உள்ளேயே மக்கவிட்டு, அதே தகரத்தில் அடுத்தபடியாகக் கத்தரியோ வெண்டையோ வைக்கலாம்.