கணக்குச் செயலியை எந்த வாசலில் வாங்குவது?



கடைக்கு ஒரு மூட்டை அரிசி வந்து இறங்கினால், விலையைக் கேட்குமுன்னே "யாரிடமிருந்து வந்தது?" என்று கேட்கிறோம். முன்பின் தெரியாத ஒருவன் பாதி விலைக்குக் கொண்டுவந்து வாசலில் போட்டால் மூட்டையைத் தொடவும் யோசிக்கிறோம். கைத்தொலைபேசியைக் கையில் எடுத்ததும் இந்த விவேகம் எங்கோ போய்விடுகிறது. இருப்புக் கணக்குக்கும் ரசீதுக்கும் பேரேட்டுக்கும் இன்று மென்பொருள் உண்டு. வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. என் கடையிலும் வைத்திருக்கிறேன். அதை எங்கே வாங்குவது என்பதுதான் இன்றைய பாடம்.

சென்ற ஆண்டு, ஜூரோங்கில் உள்ள என் கடைக்கு ஒரு கணக்குச் செயலி தேடினேன். விளம்பரம் ஒன்று கண்ணில் பட்டது. மாதச் சந்தா இல்லையாம். எண்ணைக் கொடுத்தேன். ஒருவர் அழைத்து மிக மரியாதையாகப் பேசி, வாட்ஸ்அப்பில் ஒரு கோப்பை அனுப்பினார். அதை நிறுவப்போனால் கைத்தொலைபேசி தடுத்துவிட்டது. "அது ஒன்றுமில்லை அண்ணே, பிளே புரொடெக்ட் என்று ஒன்று இருக்கும், அதை அணைத்துவிடுங்கள், பிறகு கேட்கிற அனுமதி எல்லாவற்றையும் கொடுங்கள்" என்றார். விரலும் அங்கே போய்விட்டது. அனுமதிகளில் ஒன்று, என் குறுஞ்செய்திகளைப் படிப்பது. சரக்குக் கணக்கு எழுதுகிறவனுக்கு என் வீட்டுக் கடிதம் எதற்கு? உங்கள் அலுவலகம் எங்கே என்று கேட்டேன். அழைப்புத் துண்டிக்கப்பட்டது. அந்த வாரம் மொத்த வியாபாரிக்குக் கொடுக்கவேண்டிய பணம் முழுவதும் அதே கைத்தொலைபேசியின் வங்கிக் கணக்கில்தான் இருந்தது.

அன்று தடுத்தது எது என்று பிறகு கேட்டறிந்தேன். 2024 பிப்ரவரியில் கூகல் நிறுவனம், சிங்கப்பூர் இணையப் பாதுகாப்பு அமைப்புடன் சேர்ந்து, இந்தக் காவலை உலகிலேயே முதலில் நம் ஊரில் வைத்தது. உலாவி, வாட்ஸ்அப் போன்ற வழிகளில் வந்து, குறுஞ்செய்தி முதலிய அந்தரங்க அனுமதிகளைக் கேட்கும் செயலியை அது நிறுவவிடாது. காரணம் இல்லாமல் வைக்கவில்லை. 2023-ல் மட்டும் இவ்வகை மோசடியில் 1,899 புகார்கள். போன பணம் குறைந்தது 3 கோடியே 41 லட்சம் வெள்ளி.

அவ்வாண்டு 60 வயது மாது ஒருவர், பபிள் டீக் கடையொன்றின் கண்ணாடிக் கதவில் இருந்த கியூஆர் ஒட்டுவில்லையைக் கண்டார். கேள்விகளுக்குப் பதில் சொன்னால் ஒரு கோப்பை இலவசம். அதற்கென்று ஒரு செயலியை இறக்கினார். அன்றிரவு அவர் படுத்தபின் 20,000 வெள்ளி போயிற்று. (நம் கடைக் கதவில் யார் எதை ஒட்டியிருக்கிறார்கள் என்று காலையில் பலகை திறக்கும்போதே பாருங்கள்.)

இது எப்படி நடக்கிறது? 'அக்ஸஸிபிலிட்டி' என்று ஓர் அனுமதி உண்டு. பார்வை குறைந்தோர் முதலியோருக்கு உதவுவதற்காக ஏற்பட்டது. அதைக் கொடுத்துவிட்டால் செயலி திரையைப் பார்க்கும், நாம் தட்டும் மறைசொல்லை அறியும், நமக்குப் பதிலாகத் தானே பொத்தானை அழுத்தும். வங்கி அனுப்பும் ஒருமுறை எண்ணும் அதன் கைக்கே போகிறது. வேலை முடிந்ததும் கைத்தொலைபேசியை முழுவதும் துடைத்து வெறுமையாக்கிவிடுவதும் உண்டு.

நிற்க. நல்ல வாசலை அறிவது எவ்வாறு? இணைய முகவரியை, மதரஸாவில் ஓதியதுபோல் வலமிருந்து இடமாக வாசியுங்கள். முதல் சாய்கோட்டுக்கு முன்னே, வலது கோடியில் இருப்பதே உரிமையாளரைக் காட்டும். அங்கே 'டாட் கவ் டாட் எஸ்ஜி' என்று முடிந்தால் அரசாங்கத்துடையது. 'கவ்' நடுவில் வந்து 'டாட் காம்' என்று முடிந்தால் அரசாங்கத்துடையது அல்ல.

ஆனாலும் கண்ணை மட்டும் நம்பிப் பயனில்லை. 2023 அக்டோபரில், மறைசொற்களைக் காக்கும் கீபாஸ் என்ற மென்பொருளின் பெயரில் கூகல் தேடலில் ஒரு போலி விளம்பரம் வந்தது. முகவரியில் 'கே' எழுத்தின் கீழே ஒரு சிறு குறி. தூசி என்றே தோன்றும். ஆகவே தேடலில் மேலே நிற்கும் விளம்பரத்தைத் தொடாதீர்கள். தயாரிப்பாளரின் முகவரியை நீங்களே தட்டிச் செல்லுங்கள்.

அந்த முகவரி தெரியாதவர்களுக்கு உள்நாட்டு வருவாய் ஆணையம் கணக்கு மென்பொருள்களின் பதிவேடு ஒன்றைத் தன் தளத்தில் வைத்திருக்கிறது. கோபிசினஸ் தளத்தில் உற்பத்தித்திறன் தீர்வு மானியத்துக்கு முன்கூட்டியே அங்கீகரிக்கப்பட்டவற்றின் பட்டியலும் உண்டு. தகுதியுள்ள கடைக்கு அதில் செலவின் ஒரு பகுதி திரும்பக் கிடைக்கும். கடிதமும் கணக்குத் தாளும் மட்டும் போதும் என்பவர்களுக்கு லிப்ரேஆபிஸ், அதன் சொந்தத் தளத்திலேயே விலையின்றிக் கிடைக்கிறது. பூட்டுடைத்த திருட்டுப் பிரதியை யாரோ கொடுக்கிறார் என்று வாங்குவானேன்? கைத்தொலைபேசிக்கு என்றால் பிளே ஸ்டோர், ஆப் ஸ்டோர் இவை தவிர வேறு இடம் வேண்டாம். அங்கேயும் தயாரிப்பாளர் பெயரை ஒப்பிட்டுப் பாருங்கள்.

தவறி நிறுவிவிட்டால் வெட்கப்பட்டு உட்காராதீர்கள். உடனே கைத்தொலைபேசியை விமானப் பயன்முறைக்கு மாற்றிவிட்டு, வேறொரு தொலைபேசியிலிருந்து வங்கியை அழைத்துக் கணக்கை முடக்கச் சொல்லுங்கள். பிறகு போலீசில் புகார். சந்தேகம் மட்டும் என்றால் 1799 என்ற எண்ணில் ஸ்கேம்ஷீல்டைக் கேட்கலாம். இந்த எண்ணையும் உங்கள் வங்கியின் எண்ணையும் கல்லாப்பெட்டியின் உள்மூடியில் எழுதி ஒட்டிவையுங்கள். கைத்தொலைபேசியில் மட்டும் வைத்திருந்தால் அந்நேரத்தில் எடுக்க முடியாது.