லூபஸ் நோயும் மலேரியா மாத்திரையும்

2020-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில் மும்பை மாநகராட்சி, தாராவி, வொர்லி ஆகிய பகுதிகளின் குடிசைவாசிகளுக்கு ஹைடிராக்ஸிகுளோரோகுயின் என்னும் மாத்திரையை வழங்க எண்ணியது. கொரோனா நோயை அது தடுக்கக்கூடும் என்று அப்போது பலரும் நம்பினர். முந்திய மார்ச்சு மாதத்திலேயே இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம், நோயாளிகளைப் பராமரிக்கும் ஊழியர்களுக்கு அதைச் சிபாரிசு செய்திருந்தது. மத்திய அரசாங்கம் அதன் ஏற்றுமதியைத் தடை செய்து, உள்நாட்டு விற்பனைக் கட்டுப்பாட்டையும் இறுக்கியிருந்தது. தாராவித் திட்டம் எண்ணியவாறு நடைபெறவில்லை, நிறுத்தி வைக்கப்பட்டது. ஆஸ்பத்திரியில் சேர்க்கப்பட்ட கொரோனா நோயாளிகளுக்கு இம்மருந்தினால் பயனில்லை என்பதை பிரிட்டனில் நடந்த பெரும் சோதனையொன்று அவ்வாண்டு ஜூன் மாதத்தில் காட்டிற்று. ஆனால் இடைப்பட்ட வாரங்களில் இம்மாத்திரைக்காகக் கடை கடையாக அலைந்தவர்களுள் வேறொரு வகையினரும் இருந்தனர். லூபஸ் என்னும் நோய்க்காக அதைப் பல ஆண்டுகளாக நாள்தோறும் உட்கொண்டு வந்தவர்கள் அவர்கள். மலேரியாவுக்கென ஏற்பட்ட மருந்து இவர்களுக்கு எவ்வாறு இன்றியமையாததாயிற்று?

உடலினுள் நுழையும் கிருமிகளை அழிப்பதற்கு வெள்ளணுக்களும், அவை உண்டாக்கும் எதிர்ப்பொருள்களும் உள்ளன. தனது எது, அயலானது எது எனப் பகுத்தறிவதே இவ்வமைப்பின் தலையாய திறன். உடல் தன்னையே தாக்குவது இயற்கைக்கு ஒவ்வாதது என்று இந்த நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜெர்மானிய விஞ்ஞானி பால் எர்லிக் கருதினார். அது நிகழ்கிறது என்பது பின்னர் தெளிவாயிற்று. இவ்வகை நோய்களைத் 'தன்தடுப்பாற்றல் நோய்கள்' என மொழிபெயர்ப்போர் உண்டு. அச்சொல்லைக் கேட்பவர், தன்னைக் காத்துக்கொள்ளும் ஆற்றல் என்றே பொருள் கொள்வர். ஆதலின் 'தன்னெதிர்ப்பு நோய்' என்பதே ஈண்டு ஆளப்படுகிறது. தாக்குதலை அடக்கி வைக்கும் தனிவகை வெள்ளணுக்களும் உடலில் உண்டு. அவற்றைப் பற்றிய ஆராய்ச்சிக்காக ஜப்பானியரான சாகாகுச்சிக்கும் அமெரிக்கர் இருவருக்கும் 2025-ஆம் ஆண்டு நோபல் பரிசு அளிக்கப்பட்டது.

லூபஸ் நோயில் எதிர்ப்பொருள்கள் நாடுவது அணுக்களின் உட்கருவை. நாள்தோறும் உடலில் எண்ணற்ற அணுக்கள் மடிகின்றன. அவற்றின் எச்சங்கள் உடனுக்குடன் அகற்றப்படுகின்றன. அகற்றுதல் தாமதப்பட்டால் உட்கருப் பொருள்கள் வெளியே கிடக்கும். அவற்றை அயலான் என மயங்கித் தடுப்பமைப்பு எதிர்ப்பொருள்களை உண்டாக்குகிறது. இவ்விரண்டும் பிணைந்த கூட்டுப் பொருள்கள் சிறுநீரகத்தின் நுண்ணிய வடிகட்டிகளில் தங்கி அழற்சியை விளைவிக்கின்றன. மூலகாரணம் ஒன்றன்று. பரம்பரைக் கூறுகள் பல சேர்ந்து இடமளிக்கின்றன. நோயாளிகள் பத்துப் பேரில் ஏறக்குறைய ஒன்பது பேர் பெண்கள். ஈஸ்டிரோஜன் சுரப்பும், பெண்களிடம் இரண்டாக உள்ள எக்ஸ் குரோமோசோமும் இதற்குக் காரணமாகக் கருதப்படுகின்றன. சூரிய ஒளியின் புற ஊதாக் கதிர்கள் தோலின் அணுக்களை மடியச் செய்து நோயைத் தூண்டும். வெயிலைத் தவிர்க்க என்று நூல்கள் கூறுகின்றன. தாராவியில் வெயிலில் அப்பளம் உலர்த்திப் பிழைக்கும் பெண்ணிடம் இதைச் சொல்லும் வைத்தியர், எவ்வாறு தவிர்ப்பது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டியவராகிறார்.

நெடுநாள் காய்ச்சல், எடை குறைதல், மூட்டு வலி, தலைமயிர் உதிர்தல், வாய்ப்புண், மூக்கின் இருபுறமும் கன்னங்களில் படரும் சிவப்பு ஆகியன அறிகுறிகள். நெருக்கமான குடியிருப்புகளில் முதலிரண்டையும் கண்டதும் நினைவுக்கு வருவது காசநோய், அது தவறுமன்று. போதாக்குறைக்கு, இலத்தீன் மொழியில் ஓநாய் எனப் பொருள்படும் 'லூபஸ்' என்ற சொல் தோலைப் பற்றும் ஒருவகைக் காசநோய்க்கும் வழங்குகிறது. இரண்டையும் பிரித்தறியாமல் ஸ்டீராய்டு கொடுத்தால் மறைந்திருக்கும் காசநோய் கிளர்ந்தெழும். எனவே இரத்தத்தில் உட்கரு எதிர்ப்பொருள்களைச் சோதித்தல் அவசியம். 1957-இல் இரத்த வகை ஆய்வு மையமாகத் தொடங்கி, இன்று பரேலில் கே. இ. எம். ஆஸ்பத்திரி வளாகத்தில் இயங்கும் தேசிய இம்யூனோஹெமடாலஜி நிலையம் இத்துறையில் ஆராய்ச்சி நடத்தி வருகிறது. செலவு மிகக் குறைந்த சோதனை ஒன்றும் உண்டு: சிறுநீரில் புரதம் வெளியேறுகிறதா என்று பார்ப்பது. சிறுநீரகம் நோவின்றியே பழுதடையக்கூடும் ஆதலின், நோயாளி நலமாக உணரும்போதும் இதைத் தவறவிடலாகாது.

இனி மருந்துக்கு வருவோம். 1894-இல் லண்டன் வைத்தியர் பெய்ன் என்பவர் லூபஸ் நோயாளிகளுக்குக் குயினைன் கொடுத்துப் பார்த்தார். நீலகிரியிலும் பயிரிடப்பட்ட சிங்கோனா மரத்தின் பட்டையிலிருந்து கிடைப்பதே குயினைன். 1951-இல் பேஜ் என்பவர், மெபாக்ரின் என்ற செயற்கை மலேரியா மருந்தினால் நோய் தணிந்ததை வெளியிட்டார். ஹைடிராக்ஸிகுளோரோகுயின் 1955-இல் அமெரிக்காவில் அனுமதி பெற்றது. இது அணுக்களினுள் உள்ள அமிலப் பைகளின் அமிலத்தன்மையைக் குறைத்து, உட்கரு எச்சங்கள் தடுப்பமைப்பைத் தூண்டுவதைத் தணிக்கிறது. மெல்லச் செயற்படும் மருந்து. பயன் தெரியச் சில மாதங்கள் ஆகும். நோய் அடங்கியிருந்த 47 பேரைக் கொண்டு கனடாவில் நடந்து 1991-இல் வெளியான சோதனையில், மாத்திரையை நிறுத்தியவர்களுக்கு நோய் மீண்டும் கிளர்வது, தொடர்ந்து உட்கொண்டவர்களைவிட இரண்டரை மடங்கு மிகுதியாயிருந்தது. 2020-இல் கடைகளில் மாத்திரை தீர்ந்துபோனது அற்பக் குறையன்று என்பது இதனால் விளங்கும். கர்ப்பிணிகளும் இதைத் தொடரலாம். உடல் எடையில் கிலோ ஒன்றுக்கு நாளொன்றுக்கு 5 மில்லிகிராமுக்கு மேற்படாமல் கொடுப்பர்; 50 கிலோ எடையுள்ளவருக்கு 250 மில்லிகிராம். நெடுங்காலம் உட்கொண்டால் சிலருக்கு விழித்திரை பழுதாகலாம். ஆதலால் தொடக்கத்தில் ஒருமுறையும், ஐந்தாண்டுக்குப் பின் ஆண்டுதோறும் கண் பரிசோதனை செய்துகொள்ள வேண்டும்.

நோய் கடுமையானால் ஸ்டீராய்டு தேவைப்படும். அதை நோயாளி தாமாகத் திடீரென நிறுத்துவது உயிருக்கே ஆபத்து. சிறுநீரகம் தாக்கப்பட்டால் மைக்கோஃபினோலேட், சைக்ளோபாஸ்பமைடு போன்றவை சேர்க்கப்படும். 2022-இல் ஜெர்மனியின் எர்லாங்கன் நகர ஆராய்ச்சியாளர் புதுவழி ஒன்றை வெளியிட்டனர். நோயாளியின் வெள்ளணுக்களை வெளியே எடுத்து, எதிர்ப்பொருளை உண்டாக்கும் அணுக்களை வேட்டையாடுமாறு மாற்றி, மீண்டும் உடலில் செலுத்தினர். ஐந்து நோயாளிகளுக்கும் மூன்று மாதங்களில் நோய் தணிந்தது. பிற மருந்துகளை நிறுத்தவும் முடிந்தது. இதே அணுக்களைக் குறிவைக்கும் முறையொன்றை மும்பையிலேயே பவாய் ஐ. ஐ. டி.யும் டாட்டா நினைவு மையமும் உருவாக்கியுள்ளன. 2023 அக்டோபரில் அதற்குக் கிடைத்த மத்திய அரசின் அனுமதி சிலவகை இரத்தப் புற்றுநோய்களுக்கு மட்டுமே.