ஊரை அளக்கும் கடிகாரம்

ஓர் ஊரின் அளவை எதைக் கொண்டு அளப்பது? சங்கிலி, அளவுநாடா என்று நீங்கள் சொல்லக்கூடும். நில அளவையாளர்கள் அப்படித்தான் அளக்கிறார்கள். ஆனால், ஊர் ஏன் அந்த அளவுக்கு வளர்ந்தது, ஏன் அதற்கு அப்பால் வளரவில்லை என்று கேட்டால் சங்கிலி விடை சொல்லாது. அதற்குக் கடிகாரம் வேண்டும்.

வேலைக்கும் சந்தைக்கும் போய்த் திரும்ப மனிதர் நாள்தோறும் செலவிடும் நேரம் பல நூற்றாண்டுகளாக அதிகம் மாறவில்லை. போக அரை மணி, வர அரை மணி. ஆகச் சராசரியாக ஒரு மணி. இத்தாலிய இயற்பியலாளர் சேசரே மார்ச்செட்டி 1994-இல் இதைப் பற்றி விரிவாக எழுதினார். ஒளியின் வேகத்தைப் போன்ற கண்டிப்பான மாறிலி என்று இதைக் கருதிவிடாதீர்கள். தாம்பரத்துக்கு அப்பாலிருந்து தினமும் வருகிறவர்கள் என்னுடன் சண்டைக்கே வந்துவிடுவார்கள்! தோராயமான விதிதான். ஆயினும் பயனுள்ள விதி.

இதைச் சாந்தோமில் வைத்துச் சோதித்துப் பார்ப்போம்.

நடந்து போன ஊர்

போர்த்துக்கீசியர் சாந்தோமில் குடியேறியது 16-ஆம் நூற்றாண்டில். ஆங்கிலேயர் அதற்கு வடக்கே 1640 வாக்கில் புனித ஜார்ஜ் கோட்டையைக் கட்டத் தொடங்கினர். சாந்தோம் தேவாலயத்துக்கும் கோட்டைக்கும் இடையே ஏறத்தாழ 5 கி.மீ. தூரம். சாதாரணமாக நடப்பவர் மணிக்கு 5 கி.மீ. செல்வார். அஃதாவது, போக ஒரு மணி, வர ஒரு மணி. இது நம் விதிப்படி இரு மடங்கு அல்லவா? ஆகவேதான் சாந்தோம், மயிலாப்பூர், திருவல்லிக்கேணி, கோட்டை எல்லாம் நெடுங்காலம் தனித்தனி ஊர்களாகவே இருந்தன. ஒவ்வொன்றுக்கும் தனிக் கோயில், குளம், கடைத்தெரு. மயிலாப்பூரின் மாட வீதிகளை இன்றும் நடந்து பாருங்கள். கோயிலை நடுவில் வைத்து, காலால் அளந்து கட்டிய ஊர் என்பது விளங்கும்.

அரை மணியில் நடந்து எட்டும் தூரம் 2.5 கி.மீ. அதை ஆரமாகக் கொண்ட வட்டத்தின் பரப்பு சுமார் 20 சதுர கி.மீ. நமக்கோ பாதி வட்டம்தான். மறு பாதியில் வங்கக் கடல். ஆகவே 10 சதுர கி.மீ.

இனி வேகத்தைக் கூட்டுவோம். வழியில் நின்று நின்று செல்லும் டிராம் வண்டியின் சராசரி வேகத்தை மணிக்கு 12 கி.மீ. என்று கொள்வோம். ஆரம் 6 கி.மீ.; பாதி வட்டத்தின் பரப்பு 57 சதுர கி.மீ. மின்சார ரயிலுக்கு மணிக்கு 30 கி.மீ. என்றால் ஆரம் 15 கி.மீ.; பரப்பு 353 சதுர கி.மீ. வேகம் இரட்டித்தால் பரப்பு நான்கு மடங்காகும். வட்டத்தின் பரப்பு ஆரத்தின் இருபடியைப் பொறுத்தது என்று எட்டாம் வகுப்பில் படித்தீர்களே, ஒரு நகரத்தின் வரலாறே அதில் அடங்கியிருக்கிறது.

கம்பியும் தண்டவாளமும்

சென்னையில் மின்சார டிராம் ஓடத் தொடங்கியது 1895-இல். இந்தியாவில் இதுவே முதல். மயிலாப்பூரிலிருந்து கோட்டைப் பக்கத்து அலுவலகத்துக்குத் தினமும் போய் வரலாம் என்ற நிலை பிறந்தது. தனித்தனி ஊர்கள் ஒரே நகரமாயின. டிராம் 1953-இல் நின்றுவிட்டது. பேருந்துகள் அதன் இடத்தைப் பிடித்தன.

ரயில் செய்த வேலை வேறு வகையானது. கடற்கரைக்கும் தாம்பரத்துக்கும் இடையே ஏறத்தாழ 29 கி.மீ. தூரத்துக்கு மின்சார ரயில் 1931-இல் வந்தது. ரயில் நினைத்த இடத்தில் நிற்காது. நிலையத்தில் மட்டுமே நிற்கும்; இறங்கியவர் அங்கிருந்து நடக்க வேண்டும். ஆகவே, ரயிலால் வளரும் நகரம் முழு வட்டமாகப் பரவுவதில்லை. கயிற்றில் கோத்த மணிகளைப் போல, ஒவ்வொரு நிலையத்தையும் சுற்றி ஒரு சிறு நடைவட்டம் அமைகிறது. நுங்கம்பாக்கம், கோடம்பாக்கம், மாம்பலம், சைதாப்பேட்டை, கிண்டி என்று வரிசையாகச் சொல்லிப் பாருங்கள்.

இவற்றுள் மாம்பலத்தின் கதை சுவையானது. 1920-இல் சென்னை மாகாணத்தில் நகரமைப்புச் சட்டம் வந்தது. நுங்கம்பாக்கத்திலிருந்து தெற்கே நீண்டு கிடந்த நெடிய ஏரியில் 1923-இல் நீரை வடித்து, தியாகராய நகரை உருவாக்கினார்கள். நடுவில் பனகல் பூங்கா. அதிலிருந்து சக்கரத்தின் ஆரங்களைப் போலப் பிரியும் சாலைகள். வீடுகளுக்காகத் திட்டமிட்ட நகர்தான், கடைகளுக்காக அன்று. ஆனால், மாம்பலம் நிலையத்தில் இறங்கியவர்கள் உஸ்மான் சாலைக்குச் செல்லும் வழி ரங்கநாதன் தெரு ஆயிற்றே! ஆயிரக்கணக்கானோர் நடக்கும் தெருவில் கடை வராமல் இருக்குமா? திட்டம் போட்டவர்களின் தாளில் இல்லாத கடைத்தெருவைத் தண்டவாளம் உண்டாக்கிவிட்டது. ஏரி இருந்த பள்ளம் மட்டும் அப்படியே இருக்கிறது. பெருமழை பெய்தால் தண்ணீர் தன் பழைய இடத்தைத் தேடி வருகிறது.

கால்வாய்க்குள் தூண்கள்

மயிலாப்பூருக்கு 1997 வரை ரயிலே கிடையாது. பறக்கும் ரயில் 1995-இல் சேப்பாக்கம் வரையிலும், 1997-இல் திருமயிலை வரையிலும் வந்தது. 2007-இல் வேளச்சேரியை எட்டியது. வீடுகளும் கடைகளும் நெருங்கிய பகுதியில் நிலம் எடுப்பது எளிதன்று. ஆகவே பக்கிங்காம் கால்வாயின் வழியைப் பிடித்தார்கள். அது அரசு நிலம். 1877–78-இல், தாது வருஷப் பஞ்சத்தில் வாடிய மக்களைக் கொண்டு நிவாரண வேலையாக அடையாற்றையும் கூவத்தையும் இணைத்து வெட்டிய சுமார் 8 கி.மீ. பகுதியும் இதில் அடங்கும். ஒரு காலத்தில் உப்பும் விறகும் ஏற்றிய படகுகள் சென்ற வழியில் இன்று தூண்கள் நிற்கின்றன. பழைய போக்குவரத்துப் பாதையின் மேலேயே புதியது ஏறி நிற்கிறது.

இதனால் இரண்டு விளைவுகள். கால்வாய் குறுகி, வெள்ள நீர் செல்லும் வழி சுருங்கியது. நிலையங்கள் கடைத்தெருவின் நடுவே அமையாமல் ஊரின் கொல்லைப்புறத்தில் அமைந்தன. ரயில் வேகமாகத்தான் ஓடுகிறது. ஆனால் நிலையத்துக்கு நடக்கும் பத்து நிமிடத்தையும் அரை மணிக் கணக்கில் சேர்க்க வேண்டுமே! கலங்கரை விளக்கத்துக்கும் திருமயிலைக்கும் நடுவே முண்டகக்கண்ணியம்மன் கோயில் நிலையத்தை 2014-இல் திறந்தபோது ரயிலின் வேகம் கூடவில்லை. அக்கம்பக்கத்தாரின் நடைதான் குறைந்தது. பயன் அதுவே.

சாலையை அகலமாக்கினால் தீருமா?

சாந்தோம் நெடுஞ்சாலையில் காலையில் நின்று பாருங்கள். "சாலை குறுகல், அகலமாக்கினால் சரியாகிவிடும்" என்று எல்லோரும் சொல்வார்கள். கணக்குப் போட்டுப் பார்ப்போமா?

ஒரு கார் மணிக்கு 36 கி.மீ., அஃதாவது வினாடிக்கு 10 மீட்டர் வேகத்தில் செல்கிறது. முன்னே செல்லும் வண்டி திடீரென நின்றால் நாமும் நிற்க வேண்டும்; அதற்கு 2 வினாடி இடைவெளி விடுவது நல்ல வழக்கம். இரண்டு வினாடிக்கு 20 மீட்டர். காரின் நீளம் 4 மீட்டர். ஆக, ஒரு காருக்குச் சாலையில் 24 மீட்டர் வேண்டும். அது கடக்க 2.4 வினாடி. மணிக்கு ஒரு தடத்தில் 1,500 கார்கள்.

வேகத்தை இரட்டித்து 72 கி.மீ. ஆக்குவோம். காரும் இடைவெளியும் சேர்ந்து 44 மீட்டர், கடக்க 2.2 வினாடி. மணிக்கு சுமார் 1,640 கார்கள். வேகம் இரு மடங்கு. பலன் பத்தில் ஒரு பங்குகூட இல்லை! எவ்வளவு விரைந்தாலும் 2 வினாடிக்கு ஒன்று, மணிக்கு 1,800 என்ற எல்லையைத் தாண்ட முடியாது. நடுவே சிவப்பு விளக்கு பாதி நேரம் எரிந்தால் கணக்கும் பாதியாகும்.

காருக்கு இருவர் வீதம் 1,500 கார்களில் செல்வோர் 3,000 பேர். அதே தடத்தில் அரை நிமிடத்துக்கு ஒரு பேருந்து, பேருந்துக்கு 60 பேர் என்று கொண்டால் 7,200 பேர். வாகனங்களை எண்ணினால் ஒரு விடை. மனிதரை எண்ணினால் வேறு விடை. நகரமைப்பில் பாதித் தகராறு இந்த இரண்டு எண்ணிக்கைகளுக்கு இடையில்தான் என்பது என் கருத்து.

அகலமான சாலை சிறிது காலம் வழி விடும். பிறகு, இதுவரை பேருந்தில் சென்றவர் காரை எடுப்பார். தொலைவில் வீடு வாங்குவார். சாலை மறுபடி நிரம்பும். தென்கொரியத் தலைநகர் சியோலில் இதைத் தலைகீழாகச் செய்து பார்த்தார்கள். சுங்கேச்சுன் என்ற ஓடையை மூடி அதன்மேல் கட்டியிருந்த உயர்மட்டச் சாலையை 2003-இல் இடிக்கத் தொடங்கினர். 2005-இல் ஓடை மீண்டும் திறந்து ஓடியது. பேருந்து வசதியையும் அதே காலத்தில் பெருக்கினார்கள். நகரம் ஸ்தம்பித்துவிடவில்லை. நம் ஊரிலும் 2019-இல் பாண்டி பஜாரில் நடைபாதையை அகலமாக்கி, வண்டிக்கான இடத்தைக் குறைத்தார்கள்.

சாந்தோமில் இந்தக் கணக்கு ஏட்டுக் கணக்கு மட்டுமன்று. நெடுஞ்சாலைக்கு இணையாக, கடற்கரையை ஒட்டி, நொச்சிக்குப்பம் வழியாக லூப் சாலை செல்கிறது. சாலைக்கு ஒருபுறம் மீனவர் குடியிருப்பு. மறுபுறம் அவர்களுடைய படகுகள். படகு கரை சேரும் இடத்தில்தான் மீன் விற்க முடியும். வலை உலர்த்தவும் அங்கேதான் மணல் இருக்கிறது. காரில் போகிறவருக்கு அது நெரிசலைத் தவிர்க்கும் குறுக்குவழி. 2023-இல் சாலையோர மீன் கடைகளைப் பற்றிய வழக்கு உயர் நீதிமன்றத்தில் நடந்தது. கடைகளை அகற்றியபோது மீனவர்கள் சாலையில் அமர்ந்து போராடினார்கள். 2024-இல் அங்கேயே நவீன மீன் அங்காடி திறக்கப்பட்டது. காரில் செல்வோருக்கு மிச்சமாகும் நிமிடங்களைக் கணக்கிடுகிறோம். கூடையைச் சுமந்து அந்தச் சாலையைக் குறுக்கே கடக்கும் அம்மாள் காத்து நிற்கும் நிமிடங்களையும் அதே தாளில் எழுத வேண்டாமா?

செய்து பாருங்கள்

நண்பர்கள் நால்வர் சேர்ந்து, உங்கள் பள்ளிக்கு அருகிலுள்ள பெரிய சாலையின் ஓரத்தில், நடைபாதையில் பத்திரமாக நில்லுங்கள். காலை 8 மணி முதல் பத்து நிமிடம் எண்ணுங்கள். ஒருவர் கார், ஒருவர் இருசக்கர வண்டியும் ஆட்டோவும், ஒருவர் பேருந்து, ஒருவர் நடப்போரும் சைக்கிளில் செல்வோரும். ஒவ்வொரு வண்டியிலும் இருந்தோர் எத்தனை பேர் என்று தோராயமாகக் குறித்துக்கொள்ளுங்கள். பிறகு ஒரே வரைபடத்தாளில் இரண்டு பட்டை வரைபடங்கள் வரையுங்கள்: ஒன்று வாகனங்களின் எண்ணிக்கைக்கு, மற்றொன்று மனிதர்களின் எண்ணிக்கைக்கு. சாலையின் அகலத்தையும் அடி எண்ணி அளந்து, அதில் நடைபாதைக்கு எத்தனை அடி விட்டிருக்கிறார்கள் என்று அதன் கீழே எழுதிவையுங்கள்.