விபத்து நஷ்டஈடு: கோர்ட் பணம் குடும்பத்துக்கு எப்படி வந்து சேருகிறது?

விடியற்காலையில் கோயம்பேட்டுக்குச் சரக்கு எடுக்கப் போவதும், ஆற்காடு சாலை நெரிசலில் மூட்டையோடு திரும்புவதும் நமக்கு அன்றாட வேலை. ரோட்டில் ஏதாவது நேர்ந்துவிட்டால் கடையை நம்பியிருக்கும் குடும்பத்துக்குச் சட்டம் என்ன தருகிறது என்பதை நாமும் வீட்டிலுள்ளவர்களும் தெரிந்துகொள்வது அவசியம்.

மனு எங்கே?

எதிர் வண்டியின் தவறால் உயிர் போனால், 1988-ம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் 166-வது பிரிவின்படி வாரிசுகள் விபத்து நஷ்டஈட்டுத் தீர்ப்பாயத்தில் மனு போடலாம். சென்னையில் சிறு வழக்குகள் நீதிமன்றம் இதை விசாரிக்கிறது. விபத்து வெளியூரில் நடந்திருந்தாலும், குடும்பம் வசிக்கும் ஊரிலேயே மனு போட முடியும். 2022 ஏப்ரல் முதல் 6 மாதக் கெடு வந்திருக்கிறது. எனவே காரியம் முடியட்டும் என்று நாளைக் கடத்தக் கூடாது.

கணக்கு எப்படி?

38 வயது மளிகைக்காரர் ஒருவர். மனைவி, இரு பிள்ளைகள், தாயார் என நான்கு பேரைக் காப்பாற்றி வந்தார். மாத வருமானம் ரூ.20,000 என்று கோர்ட் ஏற்கிறது என வைத்துக்கொள்வோம். சொந்தத் தொழில் செய்பவர் 40 வயதுக்குக் கீழ் என்றால் எதிர்கால வளர்ச்சிக்காக 40 சதவீதம் கூட்ட வேண்டும் என்பது 2017-ல் உச்ச நீதிமன்றம் வகுத்த விதி. ஆக ரூ.28,000. வருடத்துக்கு ரூ.3,36,000. அவருடைய சொந்தச் செலவுக்குக் கால் பங்கு கழித்தால் ரூ.2,52,000. 36 முதல் 40 வயது வரை பெருக்கெண் 15. மொத்தம் ரூ.37,80,000. ஈமச்செலவு முதலியவை தனி.

இதே மனிதருக்கு வருமானச் சான்று ஒன்றும் இல்லையென்றால் கோர்ட் உத்தேசமாகத்தான் ஒரு தொகையை வைக்க முடியும். மாதம் ரூ.10,000 என்று வைத்தால் மேற்சொன்ன தொகையில் பாதி போயிற்று! வருமான வரிக் கணக்கு, ஜி.எஸ்.டி. தாக்கல், கொள்முதல் பில், பேங்க் பாஸ்புக் இவையெல்லாம் அதிகாரிக்குக் காட்டுவதற்கு மட்டுமல்ல, குடும்பத்துக்கும் காப்பு.

பணம் ஏன் டெபாசிட்டில் போகிறது?

தீர்ப்பு வந்ததும் முழுத் தொகையும் கைக்கு வராது. யாருக்கு எவ்வளவு என்று கோர்ட்டே பங்கு பிரிக்கும். மைனர் பிள்ளைகளின் பங்கு வயது வரும்வரை பேங்கில் நிரந்தர வைப்பாக இருக்கும். பெரும்பாலும் மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டியைத் தாய் எடுத்துக்கொள்ள அனுமதி உண்டு. அந்த டெபாசிட்டை அடகு வைத்துக் கடன் வாங்க முடியாது. ஏமாற்றுக்காரர்களிடமிருந்து விதவைகளையும் குழந்தைகளையும் காக்கவே 1990-களின் தொடக்கத்தில் உச்ச நீதிமன்றம் இம்முறையை வகுத்தது.

ஆனால் கடையை மீண்டும் திறக்க முதல் வேண்டுமே? காரணம் காட்டி மனுச் செய்தால் முன்கூட்டியே எடுக்க அனுமதி கேட்கலாம். படிப்பு, வைத்தியம், தொழில் ஆகியவை நியாயமான காரணங்களே. அவரவர் நிலைமையைப் பார்க்காமல் இயந்திரம்போல் எல்லாப் பணத்தையும் முடக்கக் கூடாது என்று 2012-ல் உச்ச நீதிமன்றமே கூறியிருக்கிறது.

நேரே கணக்கில்

இடையில் பணம் கைமாறாதிருக்க, வாரிசுகளின் பேங்க் கணக்குக்கே நேராக அனுப்பும்படி 2016-ல் சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. வாங்க ஆளில்லாமல் தீர்ப்பாயங்களில் பெருந்தொகை தேங்கியிருப்பதைக் கண்ட உச்ச நீதிமன்றம், மனுவிலேயே ஆதார், பான், பேங்க் கணக்கு விவரம் வாங்க வேண்டும் என்று 2025 ஏப்ரலில் கூறியது. விலாசம் மாறினால் வக்கீலுக்கும் கோர்ட்டுக்கும் தெரிவிக்க வேண்டும். வெற்றுத் தாளில் கையெழுத்துப் போடவே கூடாது.

மொத்த வியாபாரிகளுக்கு ஒரு வார்த்தை. இறந்தவர் பேரேட்டில் நமக்குப் பாக்கி இருக்கலாம். அதற்காகப் பிள்ளைகளின் டெபாசிட் ரசீதின்மேல் கண் வைப்பது வியாபார தர்மம் ஆகாது. தவணை கொடுங்கள், சரக்கும் கொடுங்கள். கடை நின்றால்தான் பாக்கியும் வரும், குடும்பமும் பிழைக்கும்.