லினக்ஸில் ஐபோன் ஜெயில்பிரேக்: ஒரு பார்வை

ஆப்பிள் நிறுவனம் அனுமதிக்காத புரோகிராம்களை ஐபோனில் சாதாரணமாகப் பதிய முடியாது. இந்தத் தடையை உடைப்பதற்குப் பெயர்தான் ஜெயில்பிரேக். இதற்கான பல டூல்கள் கம்ப்யூட்டரில் இயங்கி, யுஎஸ்பி கேபிள் வழியாக போனுடன் பேசும்.

லினக்ஸில் என்ன சிக்கல்?

2011-ல் தமிழக அரசு மாணவர்களுக்கு வழங்கத் தொடங்கிய லேப்டாப்களில் விண்டோஸுடன் பாஸ் லினக்ஸும் இருந்தது நினைவிருக்கலாம். சென்னை சி-டாக் உருவாக்கிய ஆபரேட்டிங் சிஸ்டம் அது. ஆனால் ஐபோனை இணைக்க உதவும் ஐட்யூன்ஸை ஆப்பிள் விண்டோஸுக்கும் மேக்குக்கும் மட்டுமே தந்தது. லினக்ஸுக்குத் தரவில்லை.

எனவே லினக்ஸ் ஆர்வலர்கள், ஐபோன் வந்த 2007-லேயே, கேபிள் வழியே அது பேசும் முறையைத் தாங்களே ஆராய்ந்து ஒரு சாஃப்ட்வேரை எழுதத் தொடங்கினர். அதுதான் இன்றைய லிப்ஐமொபைல்டிவைஸ். 2010 ஏப்ரலில் வெளியான உபுண்டு 10.04-ல் இதுவும் இடம்பெற்றிருந்தது.

எவேஷனும் செக்ரெயினும்

2013 பிப்ரவரி 4-ல் ஐ.ஓ.எஸ். 6-க்கான எவேஷன் டூல் விண்டோஸ், மேக், லினக்ஸ் மூன்றுக்கும் ஒன்றாக வெளிவந்தது. அதற்குள்ளும் லிப்ஐமொபைல்டிவைஸ் இருந்தது. நான்கே நாட்களில் சுமார் 70 லட்சம் கருவிகளில் அது பயன்படுத்தப்பட்டது. அடுத்த மாதமே ஐ.ஓ.எஸ். 6.1.3 மூலம் ஆப்பிள் அந்த ஓட்டையை அடைத்தது.

2019 செப்டம்பரில் வெளியான செக்மேட் வேறு ரகம். ஐபோன் 4எஸ் முதல் ஐபோன் எக்ஸ் வரை, சிப்பைத் தயாரிக்கும்போதே பதிக்கப்பட்ட புரோகிராமில் உள்ள ஓட்டை இது. அந்தப் பகுதியை அப்டேட் மூலம் மாற்றவே முடியாது. இதைக் கொண்டு உருவான செக்ரெயின், 2019 நவம்பரில் மேக்குக்கும் 2020 பிப்ரவரியில் லினக்ஸுக்கும் வந்தது. விண்டோஸுக்கு வரவில்லை. எனவே விண்டோஸ் வைத்திருந்தவர்கள் பென் டிரைவில் லினக்ஸை ஏற்றி, அதிலிருந்து கம்ப்யூட்டரை பூட் செய்து பயன்படுத்தினர்.

கவனியுங்கள்

ஜெயில்பிரேக் செய்த போனில் பாதுகாப்பு குறையும். பல வங்கி அப்ளிகேஷன்கள் இயங்க மறுக்கும். ஆப்பிள் சர்வீஸ் தர மறுக்கலாம். இதே பெயர்களில் போலி டூல்களும் உலவுவதால், பணம் கேட்கும் டூல்களை நம்பாதீர்கள். செய்து பார்த்தே ஆகவேண்டும் என்றால், பேக்கப் எடுத்துவிட்டு, அன்றாடம் பயன்படுத்தாத பழைய போனில் மட்டும் முயலுங்கள்.