முதலில் பதிவேட்டைக் கேளுங்கள்

தம்பி,

கபாலீசுவரர் கல்லூரி வழக்கைப் பற்றி நீங்கள் எழுதிய கட்டுரையை நேற்றிரவு மறுபடியும் படித்தேன். மயிலாப்பூர்க் கோயில் கொளத்தூரில் தொடங்கிய கல்லூரி, இந்துக்கள் மட்டுமே நேர்காணலுக்கு வரலாம் என்ற 2021 அக்டோபர் விளம்பரம், அலுவலக உதவியாளர் வேலை கேட்ட முஸ்லிம் ஒருவரின் ரிட் மனு, அதை 2024 நவம்பரில் உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது எல்லாம் நம் இருவருக்கும் தெரியும். நேராக என் கோபத்துக்கு வருகிறேன்.

'அர்ச்சகர் நியமனம் மதச்சார்பற்ற செயல்' என்று சேஷம்மாள் தீர்ப்பைத் திரும்பத் திரும்பச் சொல்கிறீர்கள். 1972-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதில் அது பாதிதான். பரம்பரை உரிமையை ஒழித்த திருத்தம் செல்லும் என்ற அதே தீர்ப்பு, ஆகமப்படி எந்தப் பிரிவினர் பூசை செய்ய வேண்டுமோ அவர்களிலிருந்துதான் அறங்காவலர் ஆளைத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்றும் சொன்னது. அந்த மறுபாதியால்தான் தகுதியுள்ள இந்து யாரும் அர்ச்சகராகலாம் என்ற 2006-ஆம் ஆண்டு அரசாணையை நம்பிப் பயிற்சிப் பள்ளியில் படித்து முடித்த இருநூறுக்கு மேற்பட்ட இளைஞர்கள் ஆண்டுக்கணக்கில் காத்துக் கிடந்தார்கள். உச்ச நீதிமன்றத்தின் 2015 டிசம்பர் தீர்ப்பும் அதைச் சுற்றியே அமைந்தது. 2022 ஆகஸ்டில் உயர் நீதிமன்றம் அர்ச்சகர் நியமன விதிகள் சிலவற்றை ஆகமக் கோயில்களுக்குப் பொருந்தாது என்று ஒதுக்கியதற்கும் வேர் அங்கேதான். இந்த மேற்கோளில் ஒரு தரப்பு முன்பாதியை மட்டும் பிடித்துக்கொள்கிறது, மறு தரப்பு பின்பாதியை மட்டும். நீங்களும் அந்த வரிசையில் போய் நிற்பதை என்னால் பொறுக்க முடியவில்லை.

ஆனால் அரசமைப்புச் சட்டத்தின் 16-ஆவது கூறு பற்றிய உங்கள் பத்தியைப் போல ஒன்றைப் படித்து வெகு காலமாயிற்று. அரசு உதவி பெறாத சுயநிதிக் கல்லூரி என்பதால் அரசு வேலையில் சம வாய்ப்பு தரும் 16(1), 16(2) பொருந்தாது, மத நிறுவனப் பதவிகளுக்கு விலக்கு தரும் 16(5) பொருந்தும் என்கிறது கல்லூரி வழக்கின் தீர்ப்பு. பொதுவிதியே பொருந்தாத இடத்தில் அதற்கான விலக்கு எங்கிருந்து வந்தது என்று கேட்டீர்களே, அந்த ஒரு கேள்விக்காக உங்களைக் கட்டித் தழுவிக்கொள்ளலாம். அனுபவம் மிக்க சீனியர்களுக்கும் அது உடனே தோன்றியிருக்காது.

அங்கே நின்றிருக்க வேண்டாமோ? உடனே மதநல்லிணக்கத்துக்குத் தாவிவிட்டீர்கள். அறநிலையத் துறைச் சட்டத்தின் 10-ஆம் பிரிவு, 'இச்சட்டத்தின் நோக்கங்களை நிறைவேற்ற' அமர்த்தப்படும் அலுவலரும் பணியாளரும், அவர்களை யார் நியமித்திருந்தாலும், இந்துவாக இருக்க வேண்டும் என்கிறது. வணிகவியல் சொல்லித்தரும் கல்லூரியில் கோப்பு தூக்குபவர் அந்தச் சட்டத்தின் எந்த நோக்கத்தை நிறைவேற்றுகிறார்? கோயிலில் மெய்க்காவலும் திருவலகும் கூட வழிபாட்டோடு சேர்ந்த ஊழியங்கள். கல்லூரி வாசல் காவலை அவற்றோடு சேர்க்க முடியுமா? நீங்கள் இதைக் கேட்கவே இல்லை. அந்த உதவியாளர் வேலை யாருடைய பணத்தில், எந்தப் பதவியாக, யார் கையெழுத்தில் உருவானது என்றும் பார்க்கவில்லை.

அதற்குத்தான் 29-ஆம் பிரிவுப் பதிவேடு. இதைச் சொல்லாமல் நான் எந்த ஜூனியரையும் விட்டதில்லை. கோயிலின் வரலாறு, சொத்து, நகை, நிர்வாகத் திட்டம் எல்லாவற்றோடும், சம்பளமோ படித்தரமோ உள்ள ஒவ்வொரு பதவியும் அதன் பணி நிபந்தனையும் அதில் இருக்க வேண்டும் என்பது சட்டம்.

எழுபதுகளின் கடைசியில் மதுரையில் என் சீனியரிடம் ஒரு நாகசுரக்காரர் வந்தார். அர்த்தசாமத்துக்கு வாசிக்க வரவில்லை என்று அவரை நீக்கியிருந்தார்கள். பதவி நீக்க உத்தரவைச் சீனியர் கையில்கூட வாங்கவில்லை. "29 நகல் எடுத்துட்டு வா, அப்புறம் பேசலாம்" என்று என்னை அனுப்பினார். பழைய அறநிலைய வாரியக் காலத்துக் கையெழுத்து, ஓரமெல்லாம் செல்லரித்திருந்தது. நாகசுர ஊழியத்துக்கு நன்செய் மானியம் என்றும், ஊழியம் சாயரட்சைக்கும் உற்சவ நாட்களுக்கும் என்றும் எழுதியிருந்தது. அர்த்தசாமம் என்ற பேச்சே இல்லை. மேல்முறையீட்டில் அந்த ஒரு பக்கத்தைக் காட்டினோம், அவருக்கு வேலை திரும்பக் கிடைத்தது. அன்று நாங்கள் அரசமைப்புச் சட்டத்தைத் தொடவே இல்லை.

பெரிய கோட்பாடுகள் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. சிரூர் மடம் வழக்கு 1954-இல் மத நடைமுறைகளுக்குத் தந்த பாதுகாப்பில்தான் மடங்களும் கோயில்களும் இன்றுவரை நிற்கின்றன. ஆனால் அந்தக் கோட்பாட்டை ஓர் அலுவலக உதவியாளர் வேலைமீது வைக்கும்போது, அந்த வேலை என்ன என்பது முதலில் தெரிந்தாக வேண்டும். தெரியாமல் வாதாடினால் தோற்பது வழக்கறிஞர் அல்ல, வேலை கேட்டு வந்தவர். கோயில் பக்கம் வாதாடினாலும் இதே கதைதான். உண்டியல் பணம் எதற்குப் போகிறது என்று கேட்கும் பக்தருக்கும் அந்தப் பதிவேடே ஆயுதம். 2021 நவம்பரில் உயர் நீதிமன்றம், அறங்காவலர்கள் இல்லாமல் கோயில் நிதியில் மேலும் கல்லூரிகள் தொடங்கக் கூடாது என்று தடுத்ததை உங்கள் கட்டுரை ஒரு வரியில் கடந்துவிடுகிறது. அறங்காவலர் இல்லாத கோயிலில் அவர் இடத்தில் அமர்த்தப்படும் தக்காரின் கையெழுத்து எதுவரை செல்லும் என்பது தனிக் கட்டுரைக்கே உரிய விஷயம்.

அடுத்து சிதம்பரம் கோயில் பற்றி எழுதப்போவதாகக் கேள்விப்பட்டேன். உச்ச நீதிமன்றத்தின் 2014 ஜனவரித் தீர்ப்பில் தீட்சிதர்களின் நிர்வாக உரிமையோடு நின்றுவிடாதீர்கள். சீர்கேட்டைச் சரிசெய்ய நிர்வாகத்தை அரசு எடுத்துக்கொண்டால், சரியானதும் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்ற பகுதியைப் படியுங்கள். பிறகு உங்கள் மாவட்டத்துக் கோயில் ஒன்றில் 45-ஆம் பிரிவின்கீழ் செயல் அலுவலரை நியமித்த உத்தரவை வாங்கி, அதில் கால அளவு குறித்திருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால், அவர் செய்த நியமனங்கள் வரைக்கும் கேள்வி கேட்க வழி உண்டு என்பது என் கருத்து.