கணிப்பொறி கொண்டுசேர்க்கும் சொல்

புறாவின் காலில் ஓலையைக் கட்டி அனுப்பிய மனிதன் பிற்காலத்தில் தந்தி அடிக்கக் கற்றான். சொல்லுக்கு இவ்வளவு காசு என்று கணக்கிருந்ததால் சொற்களைச் சுருக்கினான். நம் நாட்டில் அந்தத் தந்திச் சேவையும் 2013ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில் நின்றுபோயிற்று. இன்று நாம் கைப்பேசியில் அனுப்பும் செய்திக்குச் சொற்கணக்கு இல்லை. ஆயினும் தந்தியைவிடச் சுருக்கமாகத்தான் எழுதுகிறோம்! கணிப்பொறிகள் ஒன்றோடொன்று பேசக் கற்றுக்கொண்ட வரலாற்றையும், அவற்றின் வழியே பேசும் நமக்கு நேரும் வம்பையும் பத்தாம் வகுப்பு மாணவியராகிய நாங்கள் அறிந்த அளவில் இங்கே எழுதுகிறோம்.

1969ஆம் ஆண்டு அக்டோபர் 29ஆம் நாள் இரவு பத்தரை மணி. அமெரிக்காவின் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில், கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் ஓர் ஆய்வுக்கூடத்தில் சார்லி கிளைன் என்னும் மாணவர் கணிப்பொறியின் முன் அமர்ந்திருந்தார். சுமார் 500 கிலோமீட்டருக்கு அப்பால், ஸ்டான்ஃபோர்டு ஆராய்ச்சி நிறுவனத்தில், பில் டுவால் என்பவர் வேறொரு கணிப்பொறியின் முன் காத்திருந்தார். ‘லாகின்’ என்ற ஆங்கிலச் சொல்லை அங்கே அனுப்ப வேண்டும். ‘எல்’ என்னும் எழுத்து போயிற்று. ‘ஓ’ போயிற்று. மூன்றாம் எழுத்து போகுமுன் அந்தப் பக்கத்துக் கணிப்பொறி படுத்துவிட்டது! ஏறத்தாழ ஒரு மணி நேரம் கழித்துத்தான் முழுச்சொல்லும் சென்றது. ஆர்ப்பாநெட் எனப்பட்ட வலையமைப்பில் போன முதல் செய்தி இதுவே. இவ்வரலாற்றில் எங்களை மிகவும் கவர்ந்தது வேறொன்று. எழுத்து வந்ததா, வந்ததா என்று அவ்விருவரும் அந்நேரத்தில் தொலைபேசியிலும் பேசிக்கொண்டிருந்தார்களாம். கணிப்பொறி பேசத் தொடங்கிய முதல் இரவிலேயே மனிதக் குரல் துணைக்கு வேண்டியிருந்தது.

1971இல் ரே டாம்லின்சன் என்பவர் ஒரு கணிப்பொறியிலிருந்து மற்றொரு கணிப்பொறிக்கு மின்னஞ்சல் அனுப்பிக் காட்டினார். முகவரியில் ஆளின் பெயரையும் கணிப்பொறியின் பெயரையும் பிரிக்க இன்று நாம் இடும் @ குறியைத் தேர்ந்தவர் அவரே. இரண்டு கணிப்பொறிகளும் ஒரே அறையில் அருகருகே இருந்தன என்பது வேடிக்கை.

செய்தி எவ்வாறு செல்கிறது? ஒரு நீண்ட கடிதத்தைத் துண்டு துண்டாகக் கிழித்து, ஒவ்வொரு துண்டுக்கும் எண்ணிட்டு, ஒவ்வொன்றையும் தனித்தனி உறையிலிட்டு அனுப்புவதாக எண்ணிக்கொள்ளுங்கள். உறைகள் வெவ்வேறு வழியாகப் போகலாம், முன்பின்னாகவும் சேரலாம். பெறும் கணிப்பொறி எண்களைப் பார்த்து வரிசைப்படுத்தும். வந்து சேர்ந்தவற்றுக்கு ரசீது அனுப்பும். ரசீது வராத துண்டை அனுப்பிய கணிப்பொறி மீண்டும் அனுப்பும். 1983 ஜனவரி முதல் நாள் ஆர்ப்பாநெட் இந்த விதிமுறைக்கு மாறியது. இன்றைய இணையமும் பெரும்பாலும் அதன்படியே இயங்குகிறது. எனவே ஓர் எழுத்துகூடத் தவறாமல் செய்தி போய்ச் சேர்ந்ததா என்று கணிப்பொறி பார்த்துக்கொள்ளும். படித்தவருக்கு என்ன புரிந்தது என்பதற்கு மட்டும் அதனிடம் ரசீது இல்லை.

இதை நாங்கள் பாடமாகப் படிக்கும் முன்பே பட்டுத் தெரிந்துகொண்டோம். அறிவியல் கண்காட்சிக்காக எங்களில் ஐவர் சேர்ந்து, ஊசிக்குழல்களில் நீர் நிரப்பி, பாரம் தூக்கும் மாதிரி ஒன்றைச் செய்தோம். கண்காட்சிக்கு முதல்நாள் எங்களுள் ஒருத்திக்குக் காய்ச்சல். அவள் ஓய்வெடுக்கட்டுமே என்று, நாங்கள் நால்வரும் கூடி ஒரு தாயாரின் கைப்பேசியிலிருந்து, “நீ வர வேண்டாம். நாங்களே பார்த்துக்கொள்கிறோம்” என்று அனுப்பினோம். இரண்டு நீலக்குறிகளும் விழுந்தன. பதில் இல்லை. உறங்குகிறாள் போலும் என்று விட்டுவிட்டோம்.

காய்ச்சல் நீங்கி வந்தவள் வேறு பெஞ்சில் போய் உட்கார்ந்தாள். ஒன்பது நாள் எங்களோடு ஒரு சொல் பேசவில்லை. பத்தாம் நாள் அவளுடைய தாயார் பேருந்து நிறுத்தத்தில் எங்களுள் ஒருத்தியின் தாயாரைக் கண்டு, “என் பிள்ளையை ஏன் வேண்டாம் என்று தள்ளிவிட்டார்கள்?” என்று கேட்டிருக்கிறார். அன்று மாலையே அவள் வீட்டுக்கு ஓடினோம். அந்தச் செய்தியை நாங்கள் நினைத்த குரலில் வாசித்துக் காட்டினோம். அவள் தனக்குக் கேட்ட குரலில் வாசித்துக் காட்டினாள். சொற்கள் அவையே. ஓர் எழுத்தும் கூடவில்லை, குறையவில்லை. பிறகு உள்ளே போய் ஓர் உறையைக் கொண்டுவந்தாள். மாதிரியில் ஒட்ட வேண்டிய பெயர் அட்டைகள் அத்தனையும் அதில் இருந்தன. காய்ச்சலோடு இரவெல்லாம் உட்கார்ந்து வண்ணத்தில் எழுதியிருக்கிறாள். கண்காட்சியில் நாங்கள் வைத்ததோ பால்பாயிண்ட் பேனாவால் கிறுக்கிய காகிதங்கள்!

இத்தகைய குழப்பம் படித்த பெரியவர்களுக்கும் நேர்ந்திருக்கிறது என்று அறிந்தபோது சற்றே ஆறுதல் அடைந்தோம். அமெரிக்காவின் கார்னகி மெலன் பல்கலைக்கழகத்தில் ஆசிரியரும் மாணவரும் கணிப்பொறியில் ஒரு பொது அறிவிப்புப் பலகை வைத்திருந்தனர். 1982 செப்டம்பரில் அதில் ஒரு விளையாட்டுக் கேள்வி எழுந்தது. மின்தூக்கி அறுந்து விழும்போது உள்ளே எரியும் மெழுகுவர்த்திக்கும் ஒரு துளிப் பாதரசத்துக்கும் என்ன ஆகும்? உடனே ஒருவர், சோதனை ஒன்றின் காரணமாக ஒரு மின்தூக்கியில் பாதரசம் சிந்திவிட்டது என்று வேடிக்கையாக எச்சரிக்கை எழுதினார். சிலர் அதை மெய்யென்றே நம்பிவிட்டனர். வேடிக்கைக்கு ஏதேனும் அடையாளம் இட வேண்டும் என்று விவாதம் நடந்தது. செப்டம்பர் 19ஆம் நாள் ஸ்காட் ஃபால்மன் என்னும் அறிஞர் :-) என்ற குறியை எழுதி, தலையைச் சாய்த்துப் பார்க்கச் சொன்னார். வேடிக்கை அல்லாததற்கு :-( என்றார். அந்தப் பழைய செய்தியை 2002இல் பாதுகாப்பு நாடாக்களிலிருந்து தேடி எடுத்தார்கள்.

கணிப்பொறிக்கு எழுத்து என்பது எண்தான். யூனிகோடு முறையில் நம் ‘அ’வின் எண் 2949. அவ்வாறே அந்தச் சிரிப்பு 58, 45, 41. வருத்தம் 58, 45, 40. சிரிப்புக்கும் வருத்தத்துக்கும் வேறுபாடு ஒன்றே ஒன்று! தமிழை ஆங்கில எழுத்தில் அடிக்கும் தோழியரின் நிலை இன்னும் மோசம். பழமும் பலமும் பாலமும் ஒரே உருவில் வந்து நிற்கும்.

1999இல் ஜப்பானில் ஷிகேதகா குரிதா என்பவர் கைப்பேசிக்காக 176 சிறு படங்களை வரைந்தார். பக்கத்துக்குப் பன்னிரண்டு புள்ளியாக, ஒரு படத்துக்கு 144 புள்ளிகளே. ஜப்பானிய மொழியில் ‘எமோஜி’ என்றால் பட எழுத்து. படம் வந்துவிட்டதால் குழப்பம் தீர்ந்தது என்று எண்ண வேண்டாம். எங்களுள் ஒருத்தியின் பாட்டியார், கண்ணீர் வரச் சிரிக்கும் முகத்தை அழும் முகம் என்று எண்ணி, ஓர் இழவுச் செய்திக்கு மூன்று முறை அனுப்பிவிட்டார்.

எங்கள் மாதிரி இப்போது ஆய்வுக்கூட அலமாரியில் இருக்கிறது. கிறுக்கிய காகிதங்களை எடுத்துவிட்டு அவள் எழுதிய அட்டைகளை ஒட்டிவிட்டோம். ஓர் அட்டையில் ‘அழுத்தம்’ என்பதற்கு ஈற்றில் புள்ளி இல்லை. காய்ச்சலில் விட்டுப்போயிற்று, வேறு எழுதித் தருகிறேன் என்றாள். வேண்டாம் என்றோம். இம்முறை நேரில் சொன்னதால் சிரித்துவிட்டாள்.